பிணை என்பது தீர்ப்பல்ல



வீட்டுப் பிள்ளையொருவர் பாரதூரமான குற்றச்சாட்டில் கைதானால், பொலிசுக்கும் நீதிமன்றத்துக்கும் அலைவது பெரும்பாலும் பெண்கள்தான். கழுத்தில் கிடப்பதைக் கழற்றி அடகு வைப்பதும் நாம்தான். தெரணியகலையில் தோட்டத்து லயமானாலும் பலாங்கொடையில் கடைவீதி வீடானாலும் நிலைமை ஒன்றுதான். "பணத்தைத் தாருங்கள், நாளைக்கே பிணை எடுத்துத் தருகிறேன்" என்று சொல்லவும் ஆட்கள் வருவார்கள். காசை நீட்டுமுன் ஒன்றைக் கேளுங்கள்: "எந்தச் சட்டத்தில், எந்தப் பிரிவில் பொலிசார் அறிக்கை கொடுத்திருக்கிறார்கள்?"

எந்த நீதிமன்றம்?

பிணை வழங்குவதே விதி, மறுப்பது விதிவிலக்கு என்கிறது 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டம். ஆனால் கொலை போன்ற, மரண தண்டனைக்கோ ஆயுள் தண்டனைக்கோ உரிய குற்றமென்றால், அதே சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி மேல் நீதிமன்ற நீதிபதி மட்டுமே பிணை வழங்கலாம். நீதவான் விரும்பினாலும் முடியாது. அங்கே பிணை வாங்கித் தருவதாகச் சொல்பவரிடம் கொடுத்த காசு ஆற்றில் போட்டதுதான்.

பயங்கரவாதத் தடைச் சட்டம் போன்றவற்றுக்குத் தனி விதிகள் உண்டு. 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்க ஐ.சி.சி.பி.ஆர். சட்டத்தின்படி, இன, மத வெறுப்பைத் தூண்டியதாகக் குற்றம் சாட்டப்பட்டால், விசேட காரணம் இருந்தால்தான் மேல் நீதிமன்றமும் பிணை தரும்.

2019 மே மாதம் ஹஸலக்கவில் நம் சகோதரியொருவரின் ஆடையிலிருந்த கப்பல் சுக்கான் படத்தைத் தர்மச் சக்கரம் என்று கருதிக் கைது செய்தபோது, பேசப்பட்டது இந்தச் சட்டம்தான். மே 17இல் கைதானவர், ஜூன் 3ஆம் திகதிதான் மஹியங்கனை நீதவானிடம் பிணை பெற்றார். அறிக்கையில் எழுதப்படும் பிரிவின் கனம் அவ்வளவு!

நீதிபதி எதைப் பார்க்கிறார்?

"குற்றம் செய்தானா?" என்பதைப் பிணை விசாரணையில் தீர்ப்பதில்லை, அது வழக்கு விசாரணைக்குரியது. பிணைச் சட்டத்தின் 14ஆம் பிரிவின்படி கேட்கப்படுபவை இவை: விடுவித்தால் தவணைக்கு வருவாரா? சாட்சிகளை மிரட்டுவாரா, தடயங்களை அழிப்பாரா? வெளியே வந்து மீண்டும் குற்றம் செய்வாரா? குற்றத்தின் பாரதூரத்தால் ஊரில் கொந்தளிப்பு உண்டாகுமா?

சந்தேக நபர் யாராயிருந்தாலும் நீதிமன்றத்தின் முன் நிற்கவேண்டும். 2022 ஏப்ரல் 19இல் ரம்புக்கனை ஆர்ப்பாட்டத்தின்போது பொலிஸ் துப்பாக்கிச் சூட்டில் ஒருவர் இறந்தார். அப்போது கேகாலை நீதவானின் உத்தரவின் பேரில் பொலிஸ் அதிகாரிகளே விளக்கமறியலுக்குப் போனார்கள்.

நாம் செய்யக்கூடியவை

தோட்டப் பகுதியில் ஒரு சங்கடம் உண்டு. சந்தேக நபரின் வீடும் சாட்சியின் வீடும் ஒரே லயத்தில் இருக்கும். குழாயடியிலேயே முகம் பார்க்கவேண்டும். அதனால் வேறு ஊரில் ஓர் உறவினர் வீட்டைத் தங்குமிடமாகக் காட்டினால், சட்டத்தரணிக்கு வாதாட வசதியாயிருக்கும். சாட்சியிடம் சமாதானம் பேசக்கூடப் போகாதீர்கள். நீங்கள் நல்லெண்ணத்தோடு போனாலும், அது மிரட்டலென்று முறையிடப்பட்டால் பிணை ரத்தாகலாம்.

சரீரப் பிணைக்கு நிற்பவரின் வதிவிடத்தை உறுதிப்படுத்தும் கிராம உத்தியோகத்தரின் சான்றிதழை முன்கூட்டியே எடுத்து வையுங்கள். கட்டளையிட்ட தொகை உங்கள் சக்திக்கு மீறியதென்றால், சட்டத்தரணி மூலம் குறைக்கக் கேட்கலாம். சட்டத்தரணிக்கு வழியில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டப்படி, வசதியற்றோருக்கு உதவவே அது அமைந்தது.

கைதான திகதியைக் குறித்து வையுங்கள். பிணைச் சட்டம் பொருந்தும் வழக்கில், தீர்ப்பின்றி 12 மாதத்துக்கு மேல் தடுத்துவைக்க, சட்டமா அதிபர் மேல் நீதிமன்றத்திடம் அனுமதி பெறவேண்டும். ஒரு தடவைக்கு 3 மாதம், மொத்தம் மேலும் 12 மாதம் என்பதே எல்லை.

கடைசியாக ஒரு வார்த்தை. பிணையில் வந்தவரை "தப்பிவிட்டான்" என்றோ, உள்ளே இருப்பவரை "கொலைகாரன்" என்றோ சொல்லாதீர்கள். பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டாரே, பிணை கிடைத்ததால் உங்கள் வழக்கு தோற்றுப் போய்விடவில்லை. கைதானவரின் தாயே, உங்கள் மகனும் விடுதலையாகிவிடவில்லை. இருவருக்கும் தீர்ப்பு இனித்தான் வரவேண்டும்.