மஞ்சள் அடையாளத்துக்கு மதர்போட் மாற்ற வேண்டுமா?

மருதமுனையில் கைத்தறிப் புடவை வியாபாரம் செய்யும் காக்கா ஒருவர் அண்மையில் தனது கடைக் கணினியைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தார். பாவித்த கணினி. எங்கோ அலுவலகத்தில் ஓடி முடித்து நம் பகுதிக் கடைகளுக்கு வந்துசேரும் வகை. அவரது பில் போடும் மென்பொருள் விண்டோஸ் 7இல் மட்டுமே இயங்குவதால் அதையே பதிந்திருந்தார். எல்லாம் ஒழுங்காக வேலை செய்தன. ஆனால் டிவைஸ் மெனேஜரில் 'அன்நோன் டிவைஸ்' என்று மஞ்சள் அடையாளத்தோடு ஒரு வரி.

"மதர்போட் பழுதாம், மாத்தணுமாம் தம்பி. பெருநாள் வியாபாரம் வருது, என்ன செய்ற?" என்றார்.

அந்த வரியை வலது கிளிக் செய்து, புரொப்பர்டீஸ், டீடெய்ல்ஸ், ஹார்ட்வெயார் ஐடீஸ் என்று போனால் பொருளின் அடையாள எண் தெரியும். அங்கே எம்எஸ்எஃப்டி0101 என்றிருந்தது. பழுதுமில்லை, ஒன்றுமில்லை. அது டிபிஎம் 2.0 எனும் பாதுகாப்புச் சிப். ஹார்ட் டிஸ்க்கைப் பூட்டும் இரகசியத் திறப்புகளைக் காத்துவைப்பதே அதன் தொழில். விண்டோஸ் 7 வெளிவந்தது 2009இல், டிபிஎம் 2.0 வந்ததோ 2014இல். பின்னால் பிறந்த தம்பியை முன்னால் ஊரைவிட்டுப் போன காக்காவுக்கு எப்படித் தெரியும்? முந்திய 1.2 சிப்பை விண்டோஸ் 7 தானாகவே இனங்கண்டுகொள்ளும்.

இதற்கென மைக்ரோசொப்ட் 2920188 என்ற இலக்கத்தில் ஓர் இணைப்பை வெளியிட்டது. ஆனால் விண்டோஸ் 64 பிட்டாகவும், யூஇஎஃப்ஐ முறையில் பதியப்பட்டதாகவும் இருக்க வேண்டும். காக்காவுடையது பழைய லெகசி முறை. ஆகவே பயோஸுக்குள் சென்று, செக்யூரிட்டி பகுதியில் டிபிஎம்மை டிசேபிள் செய்தேன். மஞ்சள் அடையாளம் போய்விட்டது. ஐந்து நிமிட வேலை.

இங்கே ஓர் எச்சரிக்கை அவசியம். பக்கத்திலேயே 'கிளியர்' என்றொன்று இருக்கும். அதில் கைவைக்கக் கூடாது. ஹார்ட் டிஸ்க் பிட்லொக்கரால் பூட்டப்பட்டிருந்தால், டிசேபிள் செய்தால்கூட அடுத்த முறை 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். அது கையில் இல்லையேல் கணக்குகள் அத்தனையும் போன மாதிரித்தான். விண்டோஸ் 7இல் அல்டிமேட், என்டர்பிரைஸ் பதிப்புகளில் மட்டுமே பிட்லொக்கர் பூட்டும் வசதி இருந்தது. காக்காவுடையதில் அது இல்லை என்று பார்த்த பிறகே தொட்டேன்.

உண்மையில் எனக்குக் கவலை தந்தது சிப் அல்ல. விண்டோஸ் 7க்கான பொதுவான பாதுகாப்புத் திருத்தங்கள் 2020 ஜனவரி 14ஆம் திகதியோடு நின்றுவிட்டன. அந்தக் கணினியிலேயே வங்கி அலுவலும் இமெயிலும் நடந்துகொண்டிருந்தன! இன்டர்நெட் வயரைக் கழற்றச் சொன்னேன். விண்டோஸ் 11 இதே டிபிஎம் 2.0ஐக் கட்டாயம் கேட்கிறது என்பதால், இன்ரெல் எட்டாம் தலைமுறையோ அதற்குப் பிந்தியதோ வைத்திருப்போர் அதற்கு மாறும்போது சிப்பைத் திரும்ப எனேபிள் செய்ய வேண்டும். காக்காவுடையது ஆறாம் தலைமுறை; அந்தப் பேச்சுக்கே இடமில்லை.

மதர்போட்டுக்கென்று எடுத்துவைத்த காசில் வெளி ஹார்ட் டிஸ்க் ஒன்று வாங்கினார். கடன் கணக்குகளை அன்றிரவே அதில் பிரதி எடுத்தோம்.