அன்று கடந்து போனார்கள், இன்று இறங்குகிறார்கள்

மன்னார்த் தீவுக்கு வெளியூரார் வருவது புதிதல்ல. நூற்றாண்டுகளாக வந்துகொண்டே இருந்தார்கள். ஆனால் வந்தவர்களில் பெரும்பாலானோருக்கு இது போகும் இடமல்ல, போகும் வழி. முத்துக்காக வந்தவர்கள் முத்தோடு போனார்கள். மலைநாட்டுக்கு வந்தவர்கள் இங்கே கரையேறி நடந்து போனார்கள். கொழும்புக்கு வந்தவர்கள் கப்பலிலிருந்து இறங்கி ரயிலேறிப் போனார்கள். தீவைப் பார்ப்பதற்கென்றே காலையில் புறப்பட்டு மாலையில் திரும்பும் ஒருநாள் சுற்றுலா, உள்நாட்டுப் போர் முடிந்த பிறகு மெல்ல மெல்ல உருவான புதிய வழக்கம். அந்த ஒரு நாளில் எதைக் காட்டுகிறோம், எதைச் சொல்கிறோம், யார் வாயால் சொல்கிறோம் என்பதை மன்னார் மக்கள் அக்கறையோடு யோசிக்க வேண்டிய நேரம் இது.

இரவில் கடந்த ஊர்

1914 பெப்ரவரியில் பாம்பன் பாலம் திறந்தது. மார்ச் முதலாம் திகதி தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடத் தொடங்கியது. சென்னை எழும்பூரில் ரயிலேறியவர், இடையில் கடல் கிடந்தாலும், ஒரே பயணச்சீட்டில் கொழும்புக் கோட்டையில் போய் இறங்கலாம் என்ற நிலை வந்தது. மக்கள் வாயில் அது ‘போட் மெயில்’. வணிகர், உத்தியோகத்தர், கச்சேரிக்கு வரும் பாடகர், நாடகக் குழுவினர், யாத்திரிகர் எனப் பலதரப்பட்டவர்கள் அதில் வந்தார்கள். தலைமன்னார் பியரில் (இறங்குதுறையில்) காத்திருந்த ரயில் அவர்களை ஏற்றிக்கொண்டு தீவின் நீளம் முழுவதையும் இருளில் கடந்தது. விடியும்போது அவர்கள் தலைநகரை நெருங்கியிருந்தார்கள். காலனித்துவ நகரம் பார்க்கும் ஆசை கொழும்பில் நிறைவேறியது. மன்னாரோ ரயில் பெட்டியின் சன்னலுக்கு வெளியே நின்றது.

இன்னொரு கூட்டமும் இதே வழியில் வந்தது. 1820களிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்கும் பின்னர் தேயிலைத் தோட்டங்களுக்கும் ஆள் சேர்த்தபோது, தமிழகத்தின் வறண்ட மாவட்டங்களிலிருந்து தோணியேறி வந்தவர்கள் மன்னார்க் கரையில் இறங்கி மாத்தளை வரை காட்டுவழி நடந்தார்கள். கொலராவும் காய்ச்சலும் பசியும் வழிநெடுக அவர்களைத் தின்றன. அவர்கள் உழைப்பில் எழுந்த மலைநாட்டின் அழகை உலகம் இன்று படம் எடுக்கிறது. அவர்கள் கால் வைத்த முதல் மண் இங்கே கிடக்கிறது.

1964 அந்த வழியை இரண்டு விதமாகத் தாக்கியது. ஒக்டோபர் 30 இல் இலங்கைக்கும் இந்தியாவுக்கும் இடையே சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. மலையகத்தில் பிறந்து வளர்ந்தவர்களில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென்று அது முடிவு செய்தது. டிசம்பர் 22 இரவு வீசிய புயல் தனுஷ்கோடியை அழித்தது. பாம்பனிலிருந்து வந்த ரயிலும் அதிலிருந்தவர்களோடு கடலுக்குப் போனது. அதன் பின் கப்பல் இராமேஸ்வரத்துக்கும் தலைமன்னாருக்கும் இடையே ஓடியது. தாத்தன் பாட்டி வந்த அதே கடலின் வழியே பேரப்பிள்ளைகள் பெட்டி படுக்கையோடு திருப்பி அனுப்பப்பட்டார்கள். 1980களின் நடுவில் போர் அந்தக் கப்பலையும் நிறுத்தியது. 1990 இல் ரயிலும் நின்றது. தீவைப் பெருநிலத்தோடு இணைத்த பாலமும் அதே ஆண்டில் தகர்க்கப்பட்டது.

பியரிலிருந்து கோட்டைக்கு

பாலம் ஜப்பானிய உதவியோடு 2010 மார்ச்சில் மீண்டும் திறந்தது. இந்திய உதவியோடு புதுப்பித்த தண்டவாளத்தில் 2015 மார்ச் 14 அன்று தலைமன்னார் பியர் வரை ரயில் வந்தது. அன்று இந்தியப் பிரதமரும் இலங்கை ஜனாதிபதியும் அங்கே நின்றிருந்தார்கள். பின்னாலேயே விடுதிகளும் வந்தன. தலைமன்னார்க் கரையோரத்தில் பனைகளுக்கு இடையே சிறு விடுதிகள் இருக்கின்றன. தென்மேற்குக் காற்று பலமாக வீசும் மாதங்களில் பெரும் பட்டத்தைக் காற்றில் ஏற்றி அதன் இழுவையில் நீர்மேல் சறுக்கும் கைட் சேர்ஃபிங் விளையாட்டுக்காக ஐரோப்பியர் வருகிறார்கள். நவம்பருக்குப் பின் பறவை பார்ப்பவர்கள் வருகிறார்கள். காற்று ஓய்ந்த ஒரு நாளில், ‘இங்கே வேறென்ன பார்க்கலாம்?’ என்று அவர்கள் கேட்கிறார்கள். அந்தக் கேள்வியோடுதான் சுற்றுலா வான் வண்டி புறப்படுகிறது.

முதலில் பியர். துருப்பிடித்த இரும்புத் தூண்கள் கடலுக்குள் வரிசையாக நிற்கின்றன. பக்கத்தில் 1915 இல் கட்டிய கலங்கரை விளக்கம். அப்பால் இராமர் பாலம் என்றும் ஆதாம் பாலம் என்றும் சொல்லப்படும் மணல் தீடைகள் இந்தியாவை நோக்கி நீள்கின்றன. வழிகாட்டி இராமாயணம் சொல்வார், ஆதாம் கதையும் சொல்வார். இரண்டும் சொல்ல வேண்டியவைதான். ஆனால் 2023 ஜூலை இறுதியில் இதே தலைமன்னாரிலிருந்து மலையக மக்கள், தங்கள் முன்னோர் வந்து 200 ஆண்டு ஆனதை நினைந்து, மாத்தளை வரை கால்நடையாகப் போனார்களே, அதையும் இந்த இடத்தில்தான் சொல்ல வேண்டும். நாளைக்குக் கண்டியிலும் நுவரெலியாவிலும் தேநீர் அருந்தப்போகும் விருந்தினருக்கு இதைவிடப் பொருத்தமான பாடம் வேறில்லை.

வான் தீவின் நடுவே ஓடுகிறது. தென்கரையில் 30 காற்றாலைகள் சுழல்கின்றன. 2020 டிசம்பரில் திறந்த ‘தம்பபவனி’ நிலையம் அது. மேலும் காற்றாலைகள் வேண்டாம், கனிய மணல் அகழ்வும் வேண்டாம் என்று 2025 இல் இந்தத் தீவின் மக்கள் வீதிக்கு வந்தார்கள். வெள்ளம் வடியும் வழி, மீன்பாடு, பறவைகளின் பாதை ஆகிய மூன்றும் அவர்களுடைய கவலை. பேசாலையைத் தாண்டினால் கருவாட்டு வாடிகள். பிறகு எருக்கலம்பிட்டி, தாராபுரம் போன்ற முஸ்லிம் ஊர்கள். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கின் முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேற்றியபோது, இந்த ஊர்களின் குடும்பங்கள் கையில் எடுக்க முடிந்ததோடு வள்ளங்களில் ஏறிக் கற்பிட்டிக் கரைக்குப் போயின. புத்தளத்து முகாம்களில் ஒரு தலைமுறை வளர்ந்தது. போருக்குப் பின் திரும்பியவர்களும் உண்டு, அங்கேயே தங்கிவிட்டவர்களும் உண்டு. ஒருநாள் சுற்றுலா இந்த ஊர்களில் நிற்பது அரிது. ஊர்ப் பெரியவர் ஒருவரோடு அரை மணி நேரம் பேச முடிந்தால், கோட்டையில் செலவிடும் ஒரு மணி நேரத்துக்கும் கனம் கூடும்.

பள்ளிமுனையில் பெருக்க மரம் நிற்கிறது. ஆபிரிக்காவின் பாவோபாப் அது. அராபிய வணிகர் கொண்டுவந்தது என்பார்கள். வயது 700 ஆண்டுக்கும் மேல் என்று மதிப்பிடுகிறார்கள். அடிமரத்தின் சுற்றளவு 19 மீற்றருக்கும் அதிகம். அதே வணிகரோடு வந்தவை எனப்படும், வீதிகளில் அலையும் கழுதைகளையும் பார்த்தால், இந்தத் தீவு ஐரோப்பியருக்கு முன்பே உலகத்தோடு பழகியிருந்தது புரியும்.

பிறகு கோட்டை. போர்த்துக்கீசர் 1560 இல் கட்டினார்கள். ஒல்லாந்தர் 1658 இல் பிடித்து, 1696 இல் திருத்திக் கட்டினார்கள். 1795 இல் ஆங்கிலேயர் கைக்கு வந்தது. நான்கு மூலையிலும் கொத்தளம், சுற்றிலும் அகழி, உள்ளே தேவாலயத்தின் சிதைந்த சுவர்கள். போர்க்காலத்தில் இது பாதுகாப்புப் படைகளின் இடமாக இருந்தது. பக்கத்தில் வாழ்ந்தவர்களுக்குக் கூட உள்ளே என்ன இருக்கிறதென்று தெரியாது. இன்று பள்ளிப் பிள்ளைகள் கொத்தளத்தில் ஏறி நின்று படம் எடுக்கிறார்கள்.

ஆண்டுகளை ஒப்பிப்பதோடு கோட்டையின் கதை முடிவதில்லை. இதைக் கட்டுவதற்கு 16 ஆண்டு முன்பு, 1544 இல், பிரான்சிஸ் சவேரியாரின் காலத்தில் கிறிஸ்தவம் தழுவிய மன்னார் மக்கள் அறுநூறு பேர் வரை யாழ்ப்பாணத்து மன்னன் சங்கிலியின் ஆணையால் கொல்லப்பட்டார்கள். அவர்களுக்கான திருத்தலம் தோட்டவெளியில் இருக்கிறது. கடலுக்கு அப்பால் மாந்தையில் சம்பந்தரும் சுந்தரரும் பாடிய திருக்கேதீச்சரம் போர்த்துக்கீசரால் இடிக்கப்பட்டது. அதன் கற்கள் கோட்டைச் சுவரில் இருக்கின்றன என்பது தலைமுறைகளாக வரும் பேச்சு. 1872 இல் ஆறுமுக நாவலர் அந்தக் கோயிலை மீட்டெழுப்ப அழைப்பு விடுத்தார். கருங்கல்லில் புதிதாக எழுந்த திருப்பணி 2022 ஜூலையில் குடமுழுக்குக் கண்டது. கத்தோலிக்கரின் துயரமும் சைவரின் துயரமும் இந்த ஒரே கோட்டையைச் சுற்றிக் கிடக்கின்றன. ஒன்றைச் சொல்லி மற்றதை விட்டால் அது அரைக் கதை.

சிப்பியின் கரை

பாலத்தைக் கடக்கும்போது வங்காலைச் சரணாலயத்தின் ஆழமற்ற நீரில் பருவகாலத்தில் பூநாரைகள் நிற்கும். 2010 இல் ராம்சார் பட்டியலில் சேர்ந்த ஈரநிலம் இது. அங்கிருந்து தெற்கே போனால் அரிப்பு. கண்டி அரசனின் காவலில் ஏறத்தாழ 20 ஆண்டு இருந்த ரொபேர்ட் நொக்ஸ், 1679 ஒக்டோபரில் காடு கடந்து தப்பி வந்து சேர்ந்தது இங்கிருந்த ஒல்லாந்தர் கோட்டைக்குத்தான். கொஞ்சம் தள்ளி, கடலை ஒட்டிய மண்மேட்டில் முதல் ஆங்கிலேயத் தேசாதிபதி பிரெடெரிக் நோர்த் 1802–1804 காலத்தில் கட்டிய மாளிகையின் மிச்சம் நிற்கிறது. நூல்கள் அதை டொரிக் மாளிகை என்கின்றன. ஊரார் அல்லிராணி கோட்டை என்கிறார்கள்.

தேசாதிபதி இங்கே மாளிகை கட்டியதற்குக் காரணம் முத்து. சிப்பி விளைந்த ஆண்டுகளில் இந்த வெறும் மணல் சில வாரங்களுக்குப் பெருநகராகும். கீழக்கரை, காயல்பட்டினம், தூத்துக்குடி, பாரசீக வளைகுடா எனப் பல திசைகளிலிருந்தும் குளியாட்களும் வணிகர்களும் வந்து குவிவார்கள். காலில் கல் கட்டி மூச்சடக்கி இறங்கியவருக்குக் கிடைத்தது எடுத்த சிப்பியில் மூன்றில் ஒரு பங்கு. இரண்டு பங்கு அரசுக்கு. சுறா தீண்டாதிருக்க மந்திரம் ஓதிக் ‘கடல் கட்டுபவர்’ இருந்தால்தான் குளிப்பு தொடங்கும். ஆங்கிலேய அதிகாரிகளும் அதற்கு இடங்கொடுத்தார்கள். 1905 குளிப்பில் எட்டுக் கோடிக்கும் அதிகமான சிப்பிகள் எடுக்கப்பட்டன; அரசுக்குச் சுமார் 25 லட்சம் ரூபா கிடைத்தது. அடுத்த ஆண்டே படுகைகள் ஒரு கம்பெனிக்குக் குத்தகையாகப் போயின. பின்னர் சிப்பி அருகியது. 1925க்குப் பிறகு அந்தப் பெருங்கூட்டம் கூடவே இல்லை.

இன்று மாளிகையின் அடியைக் கடல் அரிக்கிறது. சுவர்கள் துண்டு துண்டாகச் சரிகின்றன. மூன்று மொழியிலும் ஒழுங்கான விளக்கப் பலகையும், அலையைத் தடுக்கும் கல்லணையும் இதற்கு உடனடித் தேவை. தள்ளிப்போட்டால் பத்திரப்படுத்த எதுவும் மிஞ்சாது.

கதை சொல்லும் உரிமை

ஒருநாள் சுற்றுலா ஓர் ஊரை என்ன செய்யும் என்பதற்கு இலங்கையிலேயே காலி இருக்கிறது. 1988 இல் யுனெஸ்கோ மரபுரிமைப் பட்டியலில் காலிக் கோட்டை சேர்ந்தது. பெந்தோட்டை, உனவட்டுன விடுதிகளிலிருந்து நாளும் வான்கள் அங்கே போகின்றன. பழைய வீடுகள் திருத்தமாயின, தெருக்கள் துப்புரவாயின, இளைஞருக்கு வேலை கிடைத்தது. கூடவே வீட்டு விலை எகிறியது. பழைய குடும்பங்கள் பல வீட்டை விற்று வெளியேறின. மன்னார் இந்த இரண்டு பாடத்தையும் இப்போதே படிக்கலாம், ஏனென்றால் இங்கே எல்லாம் ஆரம்ப நிலையில்தான் இருக்கிறது.

சுற்றுலா அதிகாரசபை நான்கு வகை வழிகாட்டிகளுக்கு உரிமம் கொடுக்கிறது. விருந்தினரோடு கொழும்பிலிருந்தே வரும் சாரதி வழிகாட்டி ஒரு வகை. ஒரு பிரதேசத்துக்கோ ஓர் இடத்துக்கோ மட்டும் உரிமம் பெறுபவரும் உண்டு. மன்னாருக்கு வேண்டியது இந்தக் கடைசி இரண்டு வகையினர். பேசாலை மீனவரின் மகள், எருக்கலம்பிட்டிக்குத் திரும்பி வந்த குடும்பத்தின் மகன், மாந்தையில் பிறந்த ஆசிரியர் போன்றவர்கள் தமிழில் பயிற்சி பெற்று, ஆங்கிலத்தில் பேசப் பழகி, உரிமத்தோடு கோட்டை வாசலில் நிற்க வேண்டும். கொழும்பிலிருந்து வரும் வழிகாட்டியின் பிழைப்பைப் பறிக்கச் சொல்லவில்லை. அவர் வழி காட்டட்டும். ஊருக்குள் வந்ததும் ஊரார் பேசட்டும். கட்டணத்தில் ஒரு பகுதியும் மதியச் சாப்பாட்டுச் செலவும் அப்போது தீவிலேயே தங்கும். மீன் குழம்பும் சோறும் விற்கும் வீட்டுப் பெண்ணுக்கு அது நாளாந்த வருமானம்.

2023 ஒக்டோபரில் நாகப்பட்டினத்துக்கும் காங்கேசன்துறைக்கும் இடையே பயணிகள் கப்பல் ஓடத் தொடங்கியது. இராமேஸ்வரம்–தலைமன்னார் கப்பலை மீட்கும் பேச்சும் நீண்ட நாளாக இருக்கிறது. அது வந்தால் கூட்டம் பல மடங்காகும். அப்போது மன்னாரை மறுபடியும் கடந்து போகும் வழியாக்கிவிடக் கூடாது. பியரிலும் கோட்டையிலும் அரிப்பிலும் நின்று பேசத் தெரிந்த இளைஞர் இருபது முப்பது பேரை அதற்குள் உருவாக்கிவிட வேண்டும். மாவட்டச் செயலகமும் பள்ளிகளும் கோயில், தேவாலய, பள்ளிவாசல் நிர்வாகங்களும் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்தால் இந்த வேலையை இந்த ஆண்டே தொடங்கலாம்.