உப்பளத்துக் காலுக்கு ஏற்ற பூட்ஸ்

மரக்காணம் உப்பை வாங்கி விற்காத மளிகைக் கடை நம் வட்டாரத்தில் குறைவு. மூட்டையின் எடை, ஈரம், வெண்மை எல்லாவற்றையும் துருவித் துருவிப் பார்த்துத்தான் நாம் விலை பேசுகிறோம். அந்த உப்பை வாரிக் குவிப்பவர்களும் நம் வாடிக்கையாளர்களே. அரிசி, பருப்பு, எண்ணெய் என்று நம்மிடம் வாங்குபவர்களுக்கு, காலுக்குப் பொருந்தும் பூட்ஸ் மட்டும் பல கடைகளில் கிடைப்பதில்லை.

மழை ஓய்ந்து தை பிறந்ததும் பாத்திகளைச் சீராக்கும் வேலை ஆரம்பமாகும். வரிசையாக நின்று ஒரே தாளத்தில் சேற்றை மிதித்து மிதித்துத் தரையை இறுக்குவார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் நாட்டியம் போலவே தோன்றும். அந்த மிதிக்கு வெறுங்கால்தான் சரி. ஆனால் அதற்குப் பின் வருகிற வேலை வேறு. கடல்நீர் உப்பு அளவுமானியில் சுமார் 3 டிகிரி காட்டும். பாத்தியில் காய்ந்து 25 டிகிரியைத் தொடும்போது உப்பு பூக்கிறது. கடல்நீரைவிட ஏறக்குறைய ஏழு மடங்கு உப்பேறிய நீரில் கால் நிற்கிறது என்று அர்த்தம். அது தோலின் ஈரத்தை உறிஞ்சிவிடும். குதிகால் வெடிக்கும், வெடிப்பில் உப்புக்கல் புகுந்தால் புண் ஆறாது. குஜராத்தின் கட்ச் ரண் பகுதியில் உப்பெடுக்கும் அகரியா மக்களின் பாதங்கள் இறுகிப்போய், சிதையில்கூட முழுதாக வேகாது என்று சொல்வார்கள். கேட்கவே மனம் பொறுக்கவில்லை.

பூட்ஸ் போடச் சொன்னால் போதாதா என்று கேட்கலாம். இலவசமாகக் கொடுத்தவையும் உண்டு. நாம் விசாரித்த வரையில் அவற்றில் பல வீட்டுப் பரணில் கிடக்கின்றன. காரணம் சோம்பல் அல்ல, அளவு. உப்பு வாருபவர்களிலும் சுமப்பவர்களிலும் பெண்கள் ஏராளம். அவர்களுக்கு 4, 5 எண் போதும். பெட்டியைப் பிரித்தால் இருப்பதோ 7, 8, 9. ஒரு எண்ணுக்கும் அடுத்த எண்ணுக்கும் வித்தியாசம் மூன்றில் ஒரு அங்குலம். அப்படியானால் 5 எண் காலை 8 எண் பூட்ஸில் விட்டால் முழுதாக ஒரு அங்குலம் காலியாகக் கிடக்கும். குதிகால் ஏறி இறங்கித் தோல் உரியும். சேறு பூட்ஸைப் பிடித்து இழுக்கும். அகன்ற வாய் வழியே உவர்நீர் உள்ளே போய்விட்டால் வெறுங்காலே மேல் என்று ஆகிவிடும்.

காலணி அளவுக்கு எவ்வளவு மெனக்கெடலாம் என்பதற்கு ஐரோப்பிய பாலே நடனக்காரர்களைச் சொல்லலாம். கால் விரல் நுனியில் நின்று ஆடும் அவர்களுடைய ஷூவின் முனை, துணியும் காகிதமும் பசையும் சேர்த்துக் கெட்டியாக்கியது. லண்டனில் 1929 முதல் இருந்துவரும் ஃப்ரீட் நிறுவனத்தில், செய்பவர் ஒவ்வொருவரும் அடிப்பாகத்தில் தமக்கென ஒரு முத்திரை குத்துகிறார். தன் காலுக்குப் பொருந்திய கைவேலைக்காரரின் முத்திரையைச் சொல்லியே நடனமாடுபவர் கேட்டு வாங்குவார். ஒரே இரவு ஆட்டத்தில் தேய்ந்துபோகும் ஜோடிக்கு இந்தப் பாடு! ஷூ பொருந்துகிறதா என்று அங்கே உட்கார வைத்துப் பார்த்து நிறுத்திவிடுவதில்லை. நிற்க வைத்தும், முழங்காலை மடக்கச் சொல்லியும் பார்ப்பார்கள். உடம்பின் பாரம் இறங்கியதும் பாதம் நீண்டு அகலுகிறது அல்லவா? நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது அதைத்தான்.

நீளம் மட்டுமல்ல, அகலமும் உண்டு. சென்னை அடையாறிலுள்ள மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம், 2021 டிசம்பர் முதல் 2022 மார்ச் வரை நாடெங்கும் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோரின் பாதங்களை அளந்தது. ஐரோப்பியர், அமெரிக்கர் பாதங்களைவிட நம்மவர் பாதம் அகலமானது என்று தெரியவந்தது. பாரதம் என்ற பெயரின் முதலெழுத்தை வைத்து ‘பா’ என்ற புதிய அளவுமுறையையும் பரிந்துரைத்தார்கள். வெள்ளைக்காரன் காலுக்கு வகுத்த எண்ணை வைத்துத்தான் இத்தனை காலமும் வியாபாரம் நடந்திருக்கிறது!

கடையில் செய்ய வேண்டியது பெரிய காரியமல்ல. தரையில் ஒரு தாளை விரித்து நிற்கச் சொல்லி, இரண்டு பாதத்தையும் பென்சிலால் வரைந்துகொள்ளுங்கள். பெரிய பாதத்துக்குத்தான் அளவு. மாலையில் வரைவது நல்லது, நாள் முழுதும் நின்ற கால் சற்று வீங்கியிருக்கும். பருத்திக் காலுறை போட்டபடியே பூட்ஸைப் போட்டு நடந்து பார்க்கட்டும். விரலுக்கு முன்னே அரை அங்குலம் இடமிருந்து, குதிகால் வழுக்காமல் நின்றால் சரி. மனைவிக்குப் பூட்ஸ் வாங்கக் கணவர் வந்து குத்துமதிப்பாக ஒரு எண் சொன்னால் விற்றுவிடாதீர்கள். வீட்டிலிருந்து காலை வரைந்த தாளைக் கொண்டுவரச் சொல்லுங்கள். பொருந்தாத ஜோடி மறுநாளே கல்லாவுக்கு முன் திரும்பி வரும்.

சின்ன எண்கள் விற்காமல் தேங்கிவிடும் என்று சில நண்பர்கள் அஞ்சுகிறார்கள். கேட்டு வந்தவர்களின் எண்ணைக் கணக்கு நோட்டில் ஒரு ஓரமாக எழுதி வாருங்கள், எது தேங்கும் எது ஓடும் என்று அதுவே காட்டிவிடும். தைக்குள் சரக்கு வந்து இறங்க வேண்டுமானால் கார்த்திகையிலேயே ஆர்டர் போக வேண்டும். 4-ல் இத்தனை, 5-ல் இத்தனை என்று எண் வாரியாக எழுதி அனுப்புங்கள். வெறுமனே ‘இரண்டு பெட்டி’ என்று எழுதினால் 8-ம் 9-மே வந்து சேரும்.