வாயிற்படியும் இடைகழியும்: இணையத் திகில் புனைவின் களத்தைக் குறிக்கும் சொல்

1. முன்னுரை

இணையவழி வளர்ந்துவரும் திகில் புனைவிலும் கணினி விளையாட்டிலும் அண்மைக்காலத்தில் ஒருவகைக் களம் நிலைபெற்றுள்ளது. ஆளரவமற்ற நீண்ட நடைவழி, பொருள்கள் அகற்றப்பட்ட கடை, விடுமுறைக்காலப் பள்ளிக்கூடம் ஆகியன இதற்கு எடுத்துக்காட்டுகள். ஆங்கிலத்தில் 'லிமினல் ஸ்பேஸ்' என வழங்கும் இக்களத்தைத் தமிழில் எச்சொல்லால் குறிப்பது என்பது மொழிபெயர்ப்பாளர் முன்னுள்ள சிக்கலாகும். திருப்பதி, சித்தூர்ப் பகுதியில் தமிழும் தெலுங்கும் அருகருகே வழங்குகின்றன. அப்பகுதியோடு தொடர்புடைய சொற்களையும் இலக்கிய மரபையும் கொண்டு இச்சிக்கலை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2. சொல்லும் பொருள் மாற்றமும்

இலத்தீனில் 'லிமென்' என்பது வாயிற்படியைக் குறிக்கும். ஆர்னோல்ட் வான் கென்னெப் 1909இல் வெளியிட்ட பிரெஞ்சு நூலில் வாழ்க்கைச் சடங்குகளைப் பிரிதல், இடைநிலை, இணைதல் என மூன்று கட்டங்களாகப் பகுத்தார். நடுக்கட்டத்தை 1960களில் விக்டர் டர்னர் விரிவாக விளக்கினார். மானிடவியலில் இச்சொல் ஒருவரது நிலையைச் சுட்டியது; திகில் புனைவிலோ ஓர் இடத்தைச் சுட்டுகிறது.

இப்புனைவின் மூலப் படிமம் 2019 மே மாதத்தில் இணையத்தில் பரவிய 'பேக்ரூம்ஸ்' ஆகும். மஞ்சள் நிறச் சுவர்த்தாள், ஈரம் ஊறிய கம்பளம், இடையறாது இரையும் குழல்விளக்கு, முடிவற்ற அறைகள் என்பன அதன் கூறுகள். அதற்கு அடிப்படையான ஒளிப்படம் அமெரிக்காவின் ஆஷ்கோஷ் நகரில், மரச்சாமான் கடையாக இருந்த கட்டடம் வேறொரு கடையாக மாற்றப்பட்டு வந்தபோது எடுக்கப்பட்டது என்பது 2024இல் தெரியவந்தது. பழைய பயனை இழந்து புதிய பயனைப் பெறாத இடமே இங்கு அச்சத்தின் களமாயிற்று என்பது நோக்கத்தக்கது.

3. 'படி' பொருந்துமா?

சொற்பிறப்பைப் பின்பற்றினால் 'வாயிற்படி வெளி' என்றே மொழிபெயர்க்க வேண்டும். திருமலைக் கோயிலில் கருவறைக்கு முன்னுள்ள வாயிற்படி 'குலசேகரப்படி' என வழங்குகிறது. வேங்கடவன் முன் படியாய்க் கிடக்கக் குலசேகர ஆழ்வார் பெருமாள் திருமொழியில் வேண்டியதே இப்பெயர்க்குக் காரணமாகும். தெலுங்கில் வாயிற்படி 'கடப' எனப்படும். கடப்பை நகருக்கு அருகிலுள்ள 'தேவுனி கடப' திருமலைக்கு வாயிற்படியாகக் கருதப்படுகிறது.

இவ்வழக்குகள் அனைத்திலும் படி என்பது ஒரு கோடு. அதற்கு அப்பால் அடைய வேண்டியது ஒன்று உண்டு. அதனை ஓரடியில் கடந்துவிடலாம். திகில் புனைவின் களத்திலோ கடத்தல் முடிவதில்லை. ஆகவே சொற்பிறப்பால் பொருந்தும் 'படி', பொருளால் பொருந்தவில்லை.

4. பாலை மரபு

களத்தின் தன்மையை விளக்க அகமரபின் பாலை பெரிதும் துணைசெய்கிறது. தொல்காப்பியர் இதனை 'நடுவுநிலைத் திணை' என்பர். முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்தவிடத்துப் பாலை தோன்றும் என்பது சிலப்பதிகாரக் காடுகாண் காதையின் விளக்கம். பயன் திரிந்த ஆஷ்கோஷ் கடைக்கும் இவ்விளக்கம் பொருந்துகிறது.

இரண்டாவது ஒற்றுமை பொழுது பற்றியது. பாலைக்குரிய பொழுது நண்பகல். திகிலுக்கு இருளே உரியது என்னும் பொதுக்கருத்துக்கு மாறாகப் 'பேக்ரூம்ஸ்' வெளியும் நிழலற்ற முழு ஒளியில் அமைகிறது. உச்சிவேளையில் தனிவழி செல்லலாகாது என்னும் நாட்டார் நம்பிக்கையும் இங்கு எண்ணத்தக்கது.

மூன்றாவது ஒற்றுமை, அறிந்தது சற்றே பிறழ்ந்து தோன்றுவது. காடுகாண் காதையில் கானுறை தெய்வம் மாதவியின் தோழி வசந்தமாலையின் வடிவில் கோவலன் முன் தோன்றுகிறது. அவன் மந்திரத்தால் அதன் மாயத்தை அறிகிறான். 2023இல் வெளிவந்த 'எக்ஸிட் 8' என்னும் ஜப்பானிய விளையாட்டில், ஒரே சுரங்க நடைவழியில் மீண்டும் மீண்டும் நடப்பவர், பழகிய காட்சியில் பிறழ்வு கண்டால் திரும்ப வேண்டும். காணாவிடில் மேற்செல்ல வேண்டும். இரண்டிலும் உற்றுநோக்கி மெய்யறிதலே தப்பும் வழியாகிறது.

எனினும் 'பாலை'யை மொழிபெயர்ப்பாகக் கொள்ளுதல் இயலாது. அகநானூற்றில் (211) மாமூலனார் வேங்கடத்துக்கு அப்பாலுள்ள நாட்டை 'மொழிபெயர் தேயம்' எனக் குறிக்கிறார். அங்குச் செல்லும் தலைவனுக்குச் செல்லும் நோக்கம் உண்டு. அவனை எதிர்நோக்கி இல்லில் ஒருத்தி காத்திருக்கிறாள். திகில் களத்தில் அகப்பட்டவனுக்கு நோக்கமும் இல்லை, காத்திருப்போரும் இல்லை. பாலை பிரிவின் நிலம். இதுவோ தொடர்பறுந்த நிலம்.

5. 'இடைகழி'

தெருவாயிலுக்கும் உள்வீட்டுக்கும் இடைப்பட்ட நடைவழி 'இடைகழி' எனப்படும். 'ரேழி' என்பது இதன் பேச்சு வடிவம். வாழ்வதற்கன்றிக் கடப்பதற்கே அமைந்த இடம் இது. அன்றியும் இச்சொல்லுக்கு ஆழமான இலக்கியத் தொடர்பு உண்டு. வேங்கடத்தைப் பாடிய முதலாழ்வார் மூவரும் திருக்கோவலூரில் மழையிரவில் ஓர் இடைகழியில் ஒதுங்கினர் என்பது வைணவ மரபு. ஒருவர் படுக்கவும் இருவர் இருக்கவும் மூவர் நிற்கவும் மட்டும் இடமிருந்த அவ்விருளில், கண்ணுக்குப் புலப்படாத நான்காமவர் ஒருவர் நெருக்குவதை உணர்ந்தனர். அம்மரபில் நெருக்கம் அருளாக முடிகிறது. திகில் புனைவில் அதே உணர்வு அச்சமாக நின்றுவிடுகிறது. குறுகிய வழி, காணப்படாத உடனிருப்பு என்னும் இரண்டையும் ஒருங்கே நினைவூட்டும் ஆற்றல் 'இடைகழி'க்கு உண்டு எனலாம்.

6. முடிவுரை

மூலத்தில் ஒரே சொல் மூன்று பொருள்களைச் சுமக்கிறது. தமிழில் அவற்றைப் பிரித்து வழங்குதல் தெளிவு தரும். கடக்கும் கோட்டுக்குப் 'படி'யும், சடங்கியல் கட்டத்துக்கு 'இடைநிலை'யும், திகில் புனைவின் களத்துக்கு 'இடைகழி'யும் பொருந்துவன. தெலுங்கிலும் இப்பகுப்பு இயல்வதே. கோட்டுக்குக் 'கடப', நடைவழிக்கு 'நடவ' என இரு சொற்கள் உள்ளன. இரு மொழிகளிலும் பணியாற்றும் சித்தூர், திருப்பதி மொழிபெயர்ப்பாளர் இவற்றை ஒன்றுக்கொன்று மாற்றி ஆளலாகாது. 'இடைநிலை வெளி' என்னும் பொதுச்சொல்லே எங்கும் ஆளப்படுமாயின் கருத்து விளங்கும், அச்சம் விளங்காது. அச்சத்தை உணர்த்தாத திகில் மொழிபெயர்ப்பு தன் பயனை இழந்ததாகும்.