திரையில் எழுந்த அடிமைகள்

அடிமைகளின் எழுச்சியைக் கூறும் திரைப்படங்கள் பல. அவற்றுள் இரண்டினை வரலாற்றோடு ஒப்புநோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாம்.

கி.மு. 73 இல் இத்தாலியின் காப்புவா நகரில், மக்கள் கண்டு களிக்கத் தம்முட் பொருது மடியுமாறு பயிற்றப்பெற்ற ‘கிளாடியேட்டர்’ என்னும் வாட்போர் அடிமைகள் எழுபதின்மருக்கு மேற்பட்டோர், சமையற் கத்திகளையே படைக்கலமாகக் கொண்டு தப்பினர். அவர்தம் தலைவன் ஸ்பார்ட்டகஸ். உரோமப் படைகளைப் பன்முறை வென்ற அவன், கி.மு. 71 இல் கிராசஸின் படையோடு பொருது களத்தில் வீழ்ந்தான், உடல் கிடைக்கவில்லை. சிறைப்பட்ட ஆறாயிரவர் காப்புவாவிலிருந்து உரோமுக்குச் செல்லும் பெருவழியிற் சிலுவையில் அறையப்பட்டனர்.

ஹவார்ட் ஃபாஸ்ட் 1951 இல் வெளியிட்ட நாவலைத் தழுவி, ஸ்டான்லி குப்ரிக் இயக்கத்தில் 1960 இல் வெளிவந்த ‘ஸ்பார்ட்டகஸ்’ படம் தலைவனையும் சிலுவையில் ஏற்றுகின்றது. இது வரலாற்றுக்கு மாறானதே. எனினும், தலைவனைக் காட்டிக்கொடுத்தால் உயிர் பிழைக்கலாம் என்ற போதும், சிறைப்பட்டோர் ஒருவர்பின் ஒருவராகத் தாமே ஸ்பார்ட்டகஸ் என்று எழுந்து நிற்கும் காட்சி, எழுச்சி ஒருவனுக்கே உரியதன்று என்பதை உணர்த்துகின்றது.

பி. ஆர். பந்துலு 1965 இல் அளித்த ‘ஆயிரத்தில் ஒருவன்’ வேறொரு நெறியிற் செல்கின்றது. புரட்சியாளர்க்கு மருத்துவஞ் செய்த மணிமாறன் அவர்களோடு தீவொன்றில் அடிமையாக விற்கப்படுகின்றான். படத்தின் பெயர்க்கேற்ப, ஒருவனது வீரமே அனைவர்க்கும் விடுதலை தேடித் தருகின்றது.

இவ்விரண்டனுள் ஊவா மலைநாட்டின் அனுபவத்துக்கு அணித்தானது எது? தோட்டத் தொழிலாளர் சட்டப்படி அடிமைகள் அல்லர். ஆயினும், 1921 இற் சட்டத்தால் நீக்கப்படும்வரை, துண்டு முறை அவர்களைக் கடனாற் பிணித்திருந்தது. 1940 இல் பதுளைக்கு அண்மையிலுள்ள வேவெஸ்ஸ தோட்டத்தில் வேலைநிறுத்தஞ் செய்த தொழிலாளர், தமக்கெனச் சபையொன்றைத் தெரிந்தெடுத்தனர். அடக்க வந்த பொலிசாரின் ஆயுதங்களையும் பறித்தனர். ஆங்கு மணிமாறன் ஒருவன் தோன்றி மீட்டானல்லன். பலர் கூடி எழுந்தனர்.

ஸ்பார்ட்டகஸ் தன் வரலாற்றைத் தான் எழுதிவைக்கவில்லை. நூற்றாண்டுக்கு மேற்பட்ட காலம் கழித்துப் புளூட்டார்க், அப்பியன் என்போர் எழுதியவற்றாலேயே அவனைப் பெரிதும் அறிகின்றோம். எஞ்சிய வெற்றிடத்தைத் திரைப்படம் தான் விரும்பியவாறு நிரப்பிற்று. நம்மவர் வரலாற்றுக்கும் அந்நிலை நேராதிருத்தல் வேண்டும். ஸ்பிரிங்வெளி முதலிய தோட்டங்களில் வாழும் மூத்தோர் தம் பெற்றோர்வாய்க் கேட்டவற்றை, நம் மாணவர் பெயரும் ஆண்டும் பிழையாது இன்றே எழுதிவைப்பாராக.