பக்கவாத்தியம் வாசித்த நடிகர்

டெல்லி கணேஷ் நானூறுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர். 1981இல் வந்த ‘எங்கம்மா மகாராணி’யில் அவர்தான் கதாநாயகன். அது விதிவிலக்கு. அப்பா, மாமா, சமையல்காரர், வில்லனின் கூட்டாளி என்று சினிமாக்காரர்கள் ‘குணச்சித்திரம்’ என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடும் வேலைதான் அவர் வாழ்நாள் முழுக்கச் செய்தது. அந்த முகத்தை அறியாத தமிழர் அரிது. அதன் பின்னால் இருந்த தொழில் நுணுக்கத்தைப் பேசியவர்களும் அரிது.

1944 ஆகஸ்ட் 1 அன்று தாமிரபரணிக் கரையோர வல்லநாட்டில் பிறந்த கணேசன், இருபது வயதில் இந்திய விமானப்படையில் சேர்ந்தார். 1974 வரை பத்தாண்டுகள் அங்கே பணி. டெல்லியில் இருந்த நாட்களில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடைதான் அவருக்கு நடிப்புப் பள்ளி. பிறகு சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நடித்தார். கே. பாலசந்தர் அவரைப் ‘பட்டினப் பிரவேசம்’ (1977) படத்தில் அறிமுகப்படுத்தி, பெயருக்கு முன்னால் ‘டெல்லி’யையும் சேர்த்தார்.

இரண்டே ஆண்டில், துரை இயக்கிய ‘பசி’யில் ரிக்‌ஷாக்காரர் முனியாண்டியாக வந்தார். ஷோபாவுக்குத் தேசிய விருது பெற்றுத்தந்த அந்தப் படத்தில், கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது.

‘சிந்து பைரவி’யில் (1985) மிருதங்க வித்வான் குருமூர்த்தி. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்து, பாடகர் ஜே.கே.பி.யின் கோபத்துக்கு ஆளாகிறவர். மேடையில் பக்கவாத்தியக்காரராக இருந்த அந்த வேடம், அவருடைய மொத்தத் தொழிலுக்கும் பொருந்திப்போனது தற்செயல்தான். பாடுகிறவர் வேறொருவர், தாளம் தப்பாமல் தாங்குவது இவர்.

இதற்குச் சிறந்த சான்று ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990). கல்யாணச் சமையல் சாம்பாரில் மீன் விழுந்துவிடுகிறது. வெளியே தெரிந்தால் மானம் போய்விடும். பாலக்காடு மணி ஐயராக வரும் கணேஷ், சொல்லவும் முடியாமல் மெல்லவும் முடியாமல் தவிக்கிறார். அவர் ஒருபோதும் சிரிப்பு மூட்ட முயல்வதில்லை, நிஜமாகவே பதறுகிறார். அந்தப் பதற்றம் பொய்யாகத் தெரிந்திருந்தால் கமல்ஹாசனின் குறும்பு அந்தரத்தில் தொங்கியிருக்கும். ‘நாயகன்’ படத்தின் ஐயரும், ‘அபூர்வ சகோதரர்கள்’ படத்தின் வில்லன் பிரான்சிஸ் அன்பரசும் இதே நடிகர்தான் என்பதை வரிசையாகப் பார்த்தால்தான் அவருடைய வீச்சு புரியும்.

அந்தமான் தீவுகளில் நடக்கும் ஒரு கதையிலும் அவர் இப்படிப் பக்கவாத்தியமாக நின்றார். போர்ட் பிளேர் செல்லுலர் சிறையைக் களமாகக் கொண்டு பிரியதர்ஷன் எடுத்த ‘காலாபானி’, 1996இல் தமிழில் ‘சிறைச்சாலை’யாக வந்தது. மோகன்லால், பிரபு, தபு, அம்ரிஷ் புரி எனப் பெரிய பெயர்கள் நிறைந்த அந்தப் பட்டியலில் கணேஷும் இருந்தார். 1906இல் கட்டிமுடிக்கப்பட்டு 1979இல் தேசிய நினைவுச்சின்னமான அந்தக் கட்டடத்தில் அடைபட்ட மனிதர்களின் கொடுமையை, பாடப்புத்தகத்தைவிட அழுத்தமாகத் தமிழ் வீடுகளுக்குக் கொண்டுவந்த படம் அது. அத்தகைய கூட்டுக் கதைகளில் நாயகனைவிட, சுற்றி நிற்கும் முகங்கள்தான் இடத்தை நம்பவைக்கின்றன.

திரையில் தெரியாமலும் உழைத்திருக்கிறார். ‘47 நாட்கள்’ படத்தில் சிரஞ்சீவிக்குத் தமிழ்க்குரல் கொடுத்தவர் இவரே. சின்னத்திரையில் ‘கஸ்தூரி’, ‘செல்லமே’ போன்ற நெடுந்தொடர்களில் நடித்து, தினமும் வீட்டுக் கூடத்துக்கு வரும் பெரியவராகவும் ஆனார். இளைஞர்களின் குறும்படங்களில் நடிக்கவும் தயங்கியதில்லை. 1994இல் கலைமாமணி விருது பெற்றார். மகனைக் கதாநாயகனாக வைத்து ‘என்னுள் ஆயிரம்’ (2016) படத்தைத் தயாரித்தார்.

2024இல் வெளியான ‘இந்தியன் 2’ வரை நடித்த கணேஷ், அவ்வாண்டு நவம்பர் 9 இரவு சென்னையில் எண்பதாவது வயதில் காலமானார். அரை நூற்றாண்டுக்கு முன் விட்டுவந்த விமானப்படை அவரை மறக்கவில்லை. அதன் அதிகாரிகள் வீட்டுக்கு வந்து மரியாதை செலுத்தினார்கள்.