சர்க்கரை போட மறந்த காபி

கும்பகோணத்தில் ஒரு வீடு. காலை மணி ஆறு. பித்தளை டவராவில் நுரை ததும்ப டிகிரி காபி வருகிறது. வீட்டு எஜமானர் பத்திரிகையிலிருந்து கண்ணை எடுக்காமலே டம்ளரை உயர்த்தி ஒரு வாய் குடிக்கிறார். மறுகணம் அவர் முகம் அஷ்டகோணலாகிறது.

"என்ன இது?"

"ஐயையோ, சர்க்கரை போட மறந்துட்டேனே! இப்படிக் கொடுங்கோ."

உங்கள் வீட்டிலும் நடக்கிற சங்கதிதான். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். பக்கத்து வீட்டுத் தாத்தாவுக்கு நீரிழிவு. அவர் தினந்தோறும் சர்க்கரை இல்லாத அதே காபியைத்தான் "பேஷ், பேஷ்!" என்று ரசித்துக் குடிக்கிறார். பால் ஒன்று, டிகாக்ஷன் ஒன்று. ஒருவர் முகம் சுளிக்கிறார், மற்றவர் சப்புக்கொட்டுகிறார். ஏன்?

காபி நாக்கில் படுவதற்கு முன்பே எஜமானரின் மூளை "இதோ, தித்திப்பு வருகிறது" என்று தீர்மானித்துவிட்டது. வந்தது வேறு. அவர் சுளித்த சுளிப்பு கசப்புக்காக அல்ல, ஏமாற்றத்துக்காக!

இருட்டில் மாடிப்படி இறங்கும்போது, இன்னும் ஒரு படி இருப்பதாக நினைத்துக் காலை வைத்துத் தடுமாறியதில்லையா? கச்சேரியில் மிருதங்கக்காரர் கோர்வையை முடிக்கும் சமயம், அடி விழுவதற்கு ஒரு கணம் முன்பே உங்கள் கை தொடையை நோக்கிப் புறப்பட்டுவிடுகிறது அல்லவா? நம் மூளை எப்போதும் நிகழ்காலத்துக்கு ஓரடி முன்னால்தான் நடந்துகொண்டிருக்கிறது. ஊகிக்கிறது, ஒத்துப் பார்க்கிறது, தவறினால் திடுக்கிடுகிறது. அந்தத் திடுக்கிடலில்தான் ஒரு பெரிய ரகசியம் இருக்கிறது.

குரங்கும் பழரசமும்

ஸ்விட்ஸர்லாந்து தேசத்தில் வுல்ஃப்ராம் ஷூல்ட்ஸ் என்ற விஞ்ஞானி குரங்குகளை வைத்து ஓர் ஆராய்ச்சி செய்தார். குரங்கின் மூளையில் டோபமைன் என்னும் ரசாயனத்தைச் சுரக்கும் நரம்பணுக்கள் எப்போது துடிக்கின்றன என்று கவனித்தார்.

முதலில், எதிர்பாராமல் ஒரு சொட்டுப் பழரசம் வாயில் விழுந்ததும் அவை துடித்தன. பிறகு, ரசம் வருவதற்குச் சற்று முன்னால் ஓர் அடையாளம் காட்டினார். சில நாட்களில் குரங்குக்கு விஷயம் புரிந்துவிட்டது. அதன் பிறகு அடையாளத்தைக் கண்டதுமே அணுக்கள் துடித்தன. ரசம் வந்தபோது பேசாமல் இருந்தன! தெரிந்த சங்கதிதானே, அதில் என்ன புதுமை? அடையாளத்தைக் காட்டிவிட்டு ரசத்தைக் கொடுக்காமல் இருந்தாலோ, ரசம் வரவேண்டிய அந்த நேரத்தில் அணுக்களின் துடிப்பு அடங்கிப்போயிற்று. சர்க்கரையில்லாத காபியேதான்!

1997-ல் ஷூல்ட்ஸும் இரண்டு சகாக்களும் இதை விளக்கி ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அவர்கள் கண்ட அதிசயம் இதுதான்: கம்ப்யூட்டருக்குப் பாடம் சொல்லிக்கொடுக்க ரிச்சர்ட் ஸட்டன், ஆண்ட்ரூ பார்ட்டோ என்ற இருவர் 1980-களில் ஒரு கணக்கு முறை வகுத்திருந்தார்கள். 'எதிர்பார்த்தது எவ்வளவு, கிடைத்தது எவ்வளவு, வித்தியாசத்தைப் பார்த்துத் திருத்திக்கொள்' என்பதே அதன் சாரம். குரங்கின் மூளை அந்தக் கணக்கையே போடுவது போல இருந்தது! ஸட்டனுக்கும் பார்ட்டோவுக்கும் 2024-ஆம் ஆண்டுக்கான டூரிங் பரிசு கிடைத்தது. கம்ப்யூட்டர் உலகின் நோபல் பரிசு என்று அதைச் சொல்வார்கள்.

ஆக, குரங்கானாலும் யந்திரமானாலும் படிப்பு என்பது பிழையிலிருந்துதான் வருகிறது. பிழையைப் பார்க்காமலே வருங்காலம் சொன்னால் என்ன ஆகும்? அதற்கு நாம் ஸ்விட்ஸர்லாந்து போகவேண்டாம். நம் சுவரில் தொங்கும் பஞ்சாங்கமே போதும்.

சோழி பரப்பிய மனிதர்

கும்பகோணத்தில் 2016 பிப்ரவரி 22-ஆம் தேதி மகாமகம் நடந்தது. அடுத்தது எப்போது என்று கேளுங்கள். 2028 என்று ஊர்க்காரர்கள் யோசிக்காமல் சொல்வார்கள். வியாழன் சூரியனைச் சுற்றிவர 12 வருஷத்துக்குக் கொஞ்சம் குறைவாக எடுத்துக்கொள்கிறது. அது சிம்ம ராசிக்கு எப்போது திரும்பி வரும் என்று முன்கூட்டியே கணக்குப் போட நம்மவர்கள் என்றோ கற்றுவிட்டார்கள்.

அந்தக் கணக்கை எப்படிப் போட்டார்கள் தெரியுமா? இருநூறு வருஷங்களுக்கு முன், ஜான் வாரன் என்ற வெள்ளைக்கார ராணுவ அதிகாரி அதை நேரில் பார்த்தார். அவர் சென்னை வானாராய்ச்சிக்கூடத்தில் சில காலம் பொறுப்பு வகித்தவர். புதுச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் அவர் எதிரில் தரையில் உட்கார்ந்து, சோழிகளைப் பரப்பி, 1825 மே 31-ஆம் தேதி இரவு ஏற்பட்ட சந்திர கிரகணத்தைக் கணக்கிட்டுக் காட்டினார். கையில் புஸ்தகம் இல்லை, ஏடு இல்லை. வாய்ப்பாடு முழுவதும் வாக்கியங்களாக மனப்பாடம்! ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் எண் உண்டு. வாக்கியத்தைச் சொன்னால் எண்கள் வரிசையாக வந்து விழும். சந்திரனுக்கு மட்டும் இப்படி 248 வாக்கியங்கள். 'வாக்கியப் பஞ்சாங்கம்' என்ற பெயரே இதிலிருந்து வந்ததுதான்.

சோழிகள் கூடின, குறைந்தன, இடம் மாறின. கடைசியில் விடை வந்தது. கிரகணம் பிடிக்கும் நேரத்தில் 4 நிமிஷமே வித்தியாசம். நடுவில் 23 நிமிஷம், விடும்போது 52 நிமிஷம். வெறும் சோழியும் ஞாபகசக்தியும் கொண்டு செய்ததென்றால் மூக்கின்மேல் விரல் வைக்கவேண்டியதுதான்!

ஆனால் வாரன் இன்னொன்றும் எழுதிவைத்தார். அந்த மனிதருக்கு இந்தக் கணக்கின் பின்னாலுள்ள வான சாஸ்திரம் தெரியவே தெரியாதாம். எந்தச் சோழியை எப்போது எங்கே நகர்த்துவது என்பது மட்டும்தான் தெரியும். இதைப் படித்தபோது எனக்கு ஏனோ கம்ப்யூட்டர் ஞாபகம் வந்தது.

கணக்கு தவறினால் அவர் என்ன செய்வார்? ஒன்றும் செய்ய முடியாது. வாக்கியங்கள் அவருடைய தாத்தாவுக்கும் தாத்தா சொன்னவை. சோழியைக் கூட்டலாம், குறைக்கலாம். வாக்கியத்தை மாற்ற முடியுமா? வருஷத்துக்கு இம்மியளவு பிசகு, நூற்றாண்டுகள் சேர்ந்தால் மலையாகிவிடுகிறது.

'பஞ்சாங்கத்தைத் தூக்கி எறியாதீர்கள், வானத்தைப் பார்த்துத் திருத்துங்கள்' என்று வாதாடிய ஒரு தமிழ்நாட்டுக்காரர் உண்டு. அவர் சிந்தாமணி ரகுநாதாசாரி. சென்னை வானாராய்ச்சிக்கூடத்தில் வேலை பார்த்தவர், 1867-ல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தவர். 1874-ல் சுக்கிரன் சூரியனைக் கடந்து சென்றபோது அதை விளக்கிப் பல பாஷைகளில் பிரசுரம் வெளியிட்டார். கண்ணால் பார்ப்பதோடு ஒத்துவரும் பஞ்சாங்கமும் தயாரித்தார். இன்று நாம் 'திருக்கணிதம்' என்று சொல்வது அந்த வழியில் வந்ததுதான்.

சண்டை இன்னும் ஓயவில்லை. 2023-ல் சனிப்பெயர்ச்சி வந்ததல்லவா? திருக்கணிதப்படி ஜனவரி 17. வாக்கியப்படி டிசம்பர் 20. திருநள்ளாறு கோயிலில் மரபுப்படி டிசம்பரில்தான் விழா. ஒரே சனி, ஒரே கும்ப ராசி, நடுவே பதினோரு மாதம்! விழாவை என்றைக்குக் கொண்டாடுவது என்பது கோயிலின் வழக்கம். அதில் தலையிட நமக்கு உரிமையில்லை. ஆனால் சனி எங்கே நிற்கிறது என்ற கேள்விக்கு வானம்தான் பதில் சொல்லவேண்டும்.

சந்நிதித் தெருப் பிள்ளை

சாரங்கபாணி கோயிலுக்கு எதிரே சந்நிதித் தெருவில் ஒரு சின்ன ஓட்டு வீடு இருக்கிறது. சாஸ்த்ரா பல்கலைக்கழகம் அதை வாங்கிக் காப்பாற்றி வருகிறது. 2003-ல் ஜனாதிபதி அப்துல் கலாம் அதை நாட்டுக்கு அர்ப்பணித்தார். கோமளத்தம்மாளின் மகன் ராமானுஜன் அந்த வீட்டில் வளர்ந்தவர்தான்.

டவுன் ஹைஸ்கூலில் பரிசுகள் வாங்கிய பிள்ளை. 1904-ல் உபகாரச் சம்பளத்தோடு கும்பகோணம் அரசாங்கக் காலேஜில் சேர்ந்தார். கணக்கைத் தவிர மற்றப் பாடங்களில் மனம் செல்லவில்லை. உபகாரச் சம்பளம் போயிற்று. பிறகு சென்னையில் பச்சையப்பன் காலேஜில் படித்தும் எஃப்.ஏ. பரீட்சை தேறவில்லை. பரீட்சை என்பதும் ஒரு ஜோசியம்தானே, அம்மா? 'இந்தப் பையன் பிற்காலத்தில் இப்படி வருவான்' என்று மார்க்கைப் பார்த்துச் சொல்வதுதானே? அந்த ஜோசியம் எவ்வளவு பெரிய தப்பு என்று உலகத்துக்கே தெரியும்.

ராமானுஜனும் ஓர் ஊகக்காரர்தான். விடை அவருக்கு முதலில் வந்துவிடும், நிரூபணம் பிறகு வந்தால் உண்டு. 1913 ஜனவரியில், சென்னைத் துறைமுகத்தில் குமாஸ்தாவாக இருந்தபோது, கேம்பிரிட்ஜ் கணித நிபுணர் ஹார்டிக்கு எழுதிய கடிதத்தில் அப்படிப் பல சூத்திரங்களை அடுக்கியிருந்தார். பல, பிரமிக்கவைத்தன. ஆனால் பகா எண்களைப் பற்றி அவர் சொன்னது தப்பு! ஓர் எண்ணுக்குள் எத்தனை பகா எண்கள் உண்டு என்பதைத் துல்லியமாகச் சொல்லிவிட முடியும் என்று அவர் நம்பினார். முடியாது என்று ஹார்டி எடுத்துக்காட்டினார்.

வேறொருவராயிருந்தால் கோபித்துக்கொண்டிருப்பார். ராமானுஜன் 1914-ல் கப்பலேறி ஹார்டியிடம் போனார். இருவரும் சேர்ந்து என்ன செய்தார்கள் என்பதை லட்டுக் கணக்காகச் சொல்கிறேன். நாலு லட்டை எத்தனை விதமாகக் குவிக்கலாம்? நாலும் ஒன்றாக, மூன்றும் ஒன்றும், இரண்டும் இரண்டும், இரண்டும் ஒன்றும் ஒன்றும், தனித்தனியாக நாலு. ஐந்து விதம். பத்து லட்டானால் 42 விதம். நூறானால் 19 கோடிக்கு மேல்! இருநூறானால்?

அதை எண்ணாமலே சொல்லும் சூத்திரத்தை 1918-ல் இருவரும் வெளியிட்டார்கள். இந்தியாவில் ராணுவ சேவை செய்து ஓய்வு பெற்ற மேஜர் மக்மஹன் என்ற கணித நிபுணர், இருநூறு வரை கையாலேயே கணக்கிட்டு அட்டவணை தயாரித்துக் கொடுத்தார். அவர் விடை: 3 லட்சத்து 97 ஆயிரத்து 299 கோடியே 90 லட்சத்து 29 ஆயிரத்து 388. சூத்திரம் தந்ததும் அதே எண்தான். கூட ஒரு புள்ளி பூஜ்யம் பூஜ்யம் நாலு!

ஊகிக்க ராமானுஜன், கேள்வி கேட்க ஹார்டி, ஒத்துப் பார்க்க மக்மஹன். மூவரும் இருந்ததால் அந்த ஊகம் உண்மையாயிற்று.

இஸ்ரேலில் டெக்னியான் என்ற கலாசாலையில் ஒரு கம்ப்யூட்டர் முறை செய்திருக்கிறார்கள். 2021-ல் அதைப் பற்றிக் கட்டுரை வெளியாயிற்று. அது தானாகவே புதுப்புதுச் சூத்திரங்களை ஊகித்துச் சொல்லும், நிரூபிப்பது மனிதர் பாடு. சில நிரூபணமாகிவிட்டன, சில இன்னும் ஆகவில்லை. அதற்கு அவர்கள் வைத்த பெயர் என்ன தெரியுமா? 'ராமானுஜன் யந்திரம்'!

அடுத்த சொல் என்ன?

இப்போது உங்கள் வீட்டுக்கே வந்துவிட்ட யந்திரத்துக்கு வருவோம். குழந்தைகள் கைபேசியில் கேள்வி கேட்க, அது சரளமாகப் பதில் சொல்கிறதே, அதற்கு ஆதாரம் ஒரே ஒரு விளையாட்டு: 'அடுத்த சொல் என்ன?'

இந்த விளையாட்டை முதலில் ஆடியவர்களில் ஒரு குடும்பத் தலைவியும் உண்டு. அமெரிக்காவில் கிளாட் ஷானன் என்ற விஞ்ஞானி ஒரு துப்பறியும் கதையை எடுத்துவைத்துக்கொண்டு, தம் மனைவி எலிஸபெத்தை ஒவ்வோர் எழுத்தாக ஊகிக்கச் சொன்னார். அந்த அம்மாளும் கணிதம் படித்தவர்தான். 1951-ல் ஷானன் வெளியிட்ட ஒரு சோதனையில், 129 எழுத்துகளில் 89 சரியாக ஊகிக்கப்பட்டிருந்தன! தொடர்கதை படிக்கும் உங்களுக்கு இது ஆச்சரியமாக இராது.

இன்றைய யந்திரம் கோடானுகோடிப் பக்கங்களில் இதே விளையாட்டை ஆடி, தவறும்போதெல்லாம் திருத்தப்பட்டுப் பழகுகிறது. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். பயிற்சி முடிந்து உங்கள் கைக்கு வந்தபின், பெரும்பாலும் அது தன் பிழையிலிருந்து தானாகப் பாடம் கற்பதில்லை. உண்டாக்கியவர்கள் மறுபடி பயிற்சி கொடுத்தால்தான் உண்டு. அதுவரை அது புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் மாதிரிதான். சோழியைப் பிரமாதமாக நகர்த்தும். தவறான பதிலையும் அதே சரளத்தோடு சொல்லும். வானத்தைப் பார்த்து ஒத்துப் பார்க்கிற வேலை நம்முடையது.

யந்திரத்தைச் சொல்வானேன்? நாமே எத்தனை வாக்கியங்களை மனப்பாடமாக வைத்திருக்கிறோம்! 'மூத்தவன் சமர்த்து, சின்னவனுக்குக் கணக்கு வராது.' 'இந்தப் பெண்ணுக்குப் பொறுமை போதாது.' என்றோ ஒரு நாள் சொன்ன சொல். குழந்தை வளர்ந்து மாறிவிட்டது. நம் வாக்கியம் மாறவில்லை. குழந்தையோ, அம்மா சொன்னபடியே ஆகிவிடப் பார்க்கிறது.

நாளைக்குச் சின்னவன் கணக்கு நோட்டைக் கொண்டுவந்து நீட்டினால், பழைய வாக்கியத்தைச் சொல்லாமல் நோட்டைப் பிரித்துப் பாருங்கள். ஒருவேளை உங்கள் ஜோசியம் பொய்த்துப்போயிருக்கலாம். சர்க்கரை இராது என்று நினைத்துக் குடித்த காபி தித்தித்தால் யாராவது முகம் சுளிப்பார்களா?